மேவ் என்ற ஐரிஷ் பெயரின் பொருளும் பிறப்பும்

வைகைக்கரை:

அனைவருக்கும் வணக்கம். அயர்லாந்தின் கால்வே நகரில் வேலை பார்க்கும் என் தம்பிக்கும் அந்நாட்டுப் பெண்ணான அவன் மனைவிக்கும் பெண் குழந்தை பிறந்திருக்கிறது. குழந்தைக்கு மேவ் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். வாயில் எளிதாக வரும் பெயர் என்பதால் எங்கள் அம்மாவுக்கு முதலில் பிடித்துத்தான் இருந்தது. காணொலி அழைப்பில் கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பழகிக்கொண்டார். போன வாரம் வீட்டுக்கு வந்த உறவினர் ஒருவர் கைபேசியில் தேடிப் பார்த்துவிட்டு, இந்தப் பெயருக்குப் ‘போதை தருபவள்’ என்று பொருள் போட்டிருக்கிறதே, பெண் பிள்ளைக்கு இப்படியா பெயர் வைப்பார்கள் என்று அம்மாவிடமே கேட்டுவிட்டார். எங்கள் பெரிய அண்ணனைக் குடியால் பறிகொடுத்த வீடு இது. அன்றிலிருந்து அம்மா குழந்தையைப் பெயர் சொல்லி அழைப்பதை நிறுத்திவிட்டார். ‘பாப்பா’ என்று மட்டும் சொல்கிறார்.

தம்பியிடம் கேட்டால், அது ஒரு பழைய அரசியின் பெயர், அங்கே எல்லோரும் வைப்பதுதான் என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறான். எனக்கு அது போதவில்லை. இந்தப் பெயர் எங்கிருந்து வந்தது, அதன் உண்மையான பொருள் என்ன, அந்த அரசி யார் என்பதை விவரம் தெரிந்தவர்கள் சொன்னால் அம்மாவிடம் உட்கார்ந்து பேச எனக்கு உதவியாக இருக்கும்.

நெல்லிமரம்:

அக்கா, நீங்கள் கவலைப்படவே வேண்டியதில்லை. மேவ் என்பது நம்முடைய ‘மேவு’ என்ற வினைச்சொல்தான் என்று நான் நினைக்கிறேன். ‘நம்பும் மேவும் நசையாகும்மே’ என்று தொல்காப்பிய உரியியலே சொல்கிறது; நசை என்றால் விருப்பம். கோயில் பாடல்களில் ‘இன்ன தலம் மேவிய இறைவா’ என்று வருவதும் இதே சொல்தான். விரும்பப்படுகிறவள், விரும்பி வந்து தங்குகிறவள் என்று பொருள் கொண்டால் எவ்வளவு அழகாக இருக்கிறது! கடல்வழி வாணிகம் செய்த நம் முன்னோரிடமிருந்து இச்சொல் அங்கே போயிருக்க வாய்ப்பில்லையா? அம்மாவிடம் இதைச் சொல்லுங்கள், மனம் ஆறிவிடும்.

சொற்கிடங்கு:

நெல்லிமரம் தம்பியின் நல்லெண்ணம் புரிகிறது. தொல்காப்பிய நூற்பாவும் சரியானதே. ஆனால் மேவ் என்ற ஐரிஷ் பெயருக்கும் மேவு என்ற தமிழ்ச் சொல்லுக்கும் உறவு இல்லை என்பதைத் தொடக்கத்திலேயே தெளிவாகச் சொல்லிவிட வேண்டியிருக்கிறது. வருந்தியிருக்கும் ஒரு தாயிடம் ஆறுதலுக்காகத் தவறான ஒன்றைச் சொன்னால், நாளை வேறொருவர் வந்து அதையும் மறுத்துவிடுவார். அப்போது வருத்தம் இரட்டிப்பாகும்.

உறவு இல்லை என்று எப்படிச் சொல்கிறேன் என்றால், இன்று நம் காதில் விழும் ‘மேவ்’ என்ற ஒலி அந்தப் பெயரின் பழைய ஒலியே அல்ல. சுமார் 1200 ஆண்டுகளுக்கு முந்தைய பழைய ஐரிஷ் மொழியில் இப்பெயரை எம், இ, டி, பி என்று நான்கே எழுத்துகளில் எழுதினார்கள். அதை ஏறக்குறைய ‘மெத்வ்’ என்று ஒலித்தார்கள். நடுவில் வரும் ஒலி, ஆங்கிலத்தில் ‘மதர்’ என்னும்போது நாக்கு நுனி பல்லைத் தொட்டும் தொடாமலும் வருகிறதே, அந்த மெல்லிய தகர ஒலி. காலப்போக்கில் அந்த ஒலி தேய்ந்து மறைய, அது விட்டுச்சென்ற இடத்தை நிரப்ப முன்னால் இருந்த எகரம் நீண்டு ஏகாரமானது. நம் பேச்சில் ‘பெயர்’ என்பது யகரத்தை இழந்து ‘பேர்’ என்று நீண்டதைப் போன்ற மாற்றம்தான். எழுத்து மட்டும் பழைய நினைவை விடாமல், எம், இ, ஏ, டி, எச், பி, எச் என்று ஏழு எழுத்துகளாக நின்றது. அந்த ஏழில் டியும் அதன் பின்வரும் எச்சும் ஒலிப்பதே இல்லை. பியும் எச்சும் சேர்ந்து வகர ஒலியைத் தருகின்றன. 1958-இல் அரசு வெளியிட்ட எழுத்துத் தரப்பாட்டை ஒட்டி, ஒலிக்காத எழுத்துகள் நீங்கி ஐந்தெழுத்துப் பெயராக அது சுருங்கியது. ஆங்கிலத்தில் எழுதப்படும் மேவ் என்ற வடிவம் இந்தப் பிற்கால ஒலியைப் பிடித்து எழுதியது. ஆகவே, தமிழ் ‘மேவு’டன் ஒத்துப்போவது கடைசியில் வந்து சேர்ந்த ஒலி மட்டுமே. வேரை நோக்கிப் போகப் போக இரண்டும் விலகிவிடுகின்றன.

இனி பொருளுக்கு வருகிறேன். ‘மெத்வ்’ என்பதற்கு நேர் உடன்பிறப்பாக வேல்ஸ் நாட்டின் வெல்ஷ் மொழியில் ‘மெத்து’ என்று ஒலிக்கும் ஒரு பெயரடை உண்டு. அதற்கு மது மயக்கத்தில் உள்ள என்று பொருள். இரண்டும் ‘மெது’ என்ற மிகப் பழைய சொல்லிலிருந்து வந்தவை. தேனை நீரில் கரைத்துப் புளிக்கவைத்து இறக்கும் பானத்துக்கும், அந்தத் தேனுக்கும் வழங்கிய சொல் அது. ஆங்கிலத்தில் ‘மீட்’, கிரேக்கத்தில் ‘மெதூ’, லிதுவேனிய மொழியில் ‘மெதுஸ்’, ருஷ்ய மொழியில் ‘ம்யோத்’, வடமொழியில் ‘மது’ எல்லாம் இந்த ஒரே குடும்பம். வடமொழியிலிருந்து நாம் கடன் வாங்கிய ‘மது’வும் இதே சொல்தான். சீன மொழியில் தேனைக் குறிக்கும் ‘மி’ என்ற சொல்லும் நடு ஆசியாவின் தொகாரிய மொழி வழியாக இதே வேரிலிருந்து போனதே. தேனுக்குத் தேன், புளித்த பானத்துக்குக் கள், தேறல், நறவு என்று நமக்குச் சொந்தச் சொற்கள் இருக்க, மதுவையும் வாங்கி வைத்துக்கொண்டோம்.

எனவே உறவினர் படித்துச் சொன்ன ‘போதை தருபவள்’ என்பது அகராதிப்படி பிழையல்ல. ஆனால் ‘போதை’ என்ற சொல் இன்றைய தமிழில் சுமக்கும் சாராயக்கடை நாற்றம் அந்தப் பழைய சொல்லில் இல்லை. தேனின் இனிமையும் அது தரும் களிப்பும் ஒன்றாக இருந்த காலத்துச் சொல் அது; ‘கள்’ என்ற வேரிலிருந்து நாம் ‘களிப்பு’ என்று மகிழ்ச்சிக்கே பெயர் வைத்திருக்கிறோம் அல்லவா? வைகைக்கரை அம்மாவிடம் ஒன்று கேட்கிறேன். உங்கள் குடும்பத்தில் மதுமதி, மதுமிதா, மதுபாலா என்று யாரும் இல்லையா? மாதவி கூட இல்லையா? மாதவி என்பதும் மதுவிலிருந்து பிறந்த பெயர்தான். அந்தப் பெயர்களைச் சொல்லும்போது நம் நாவில் தேன்தான் இருக்கிறது, மதுக்கடை வருவதில்லை.

மழைநாடு:

நான் ஒன்பது ஆண்டுகளாக அயர்லாந்தின் ஸ்லைகோவில் செவிலியராக வேலை பார்க்கிறேன். சொற்கிடங்கு ஐயா சொன்ன பழைய ஒலியைக் கல்லில் பார்த்திருக்கிறேன் என்பதால் அதை முதலில் எழுதுகிறேன்.

ராஸ்காமன் மாவட்டத்தில் ராத்குரோகன் என்று ஓர் இடம் இருக்கிறது. கானக்ட் நாட்டு அரசியான மேவின் தலைநகர் என்று பழங்கதைகள் சொல்லும் குருவாஹன் அதுதான். போய்ப் பார்த்தால் கோட்டை கொத்தளம் எதுவும் கண்ணில் படாது; ஆடு மாடு மேயும் பச்சை நிலத்தில் மேடும் குழியுமாக 200-க்கும் மேற்பட்ட தொல்லியல் இடங்கள் பரந்து கிடக்கின்றன. அவற்றுள் ஒன்று ‘பூனைகளின் குகை’. வாசல் இவ்வளவுதானா என்று நினைக்கும் அளவுக்குச் சிறியது. தலைக்கவசமும் கைவிளக்குமாக, சேற்றில் முழங்காலும் முழங்கையும் ஊன்றித் தவழ்ந்துதான் உள்ளே போக வேண்டும். நுழைந்தவுடன் தலைக்கு மேல் குறுக்கே கிடத்தியிருக்கும் கல்லின் விளிம்பில் விளக்கைக் காட்டினார் வழிகாட்டி. அரிவாள்மணையில் வெட்டியது போலச் சிறு சிறு கோடுகள் வரிசையாகத் தெரிந்தன. அதுதான் ஓகம் எழுத்து. கிறித்துவம் வந்து லத்தீன் எழுத்து வேரூன்றுவதற்கு முன்பே அயர்லாந்தில் கல்லின் விளிம்பையே நடுக்கோடாக வைத்துக்கொண்டு கீறிய எழுத்துமுறை. அந்தக் கோடுகளை ‘வ்ராய்க்கி மக்கி மெத்வ்வி’ என்று படிக்கிறார்கள். ‘மெத்வின் மகன் ஃபிராய்க்கினுடையது’ என்பது அதன் பொருள். வேறெங்கோ நின்ற கல்லைப் பிற்காலத்தில் பெயர்த்துக்கொண்டு வந்து குகை வாசலுக்குக் கூரைக் கல்லாகப் போட்டிருக்கிறார்கள். அந்தத் தகர ஒலிக்குரிய கோடுகள் அதில் அப்படியே இருக்கின்றன. முகத்தில் நீர் சொட்டச் சொட்ட, மல்லாந்து பார்த்தபடி நான் அவற்றை எண்ணினேன்.

நான் குடியிருக்கும் ஊரில் மேவின் நினைவு இன்னும் பெரியது. நாக்நரே என்ற 327 மீட்டர் உயர மலையின் உச்சியில் கற்களை அம்பாரமாகக் குவித்தது போல ஒரு மேடு இருக்கிறது. ஏறத்தாழ 10 மீட்டர் உயரம், 55 மீட்டருக்கு மேல் அகலம். ‘மேவின் குவியல்’ என்று அதற்குப் பெயர். ஸ்லைகோ நகரில் எந்தத் தெருமுனையில் நின்று மேற்கே பார்த்தாலும் மலைமேல் ஒரு சிறு முலைக்காம்பு போல அது தெரியும். எதிரிகளான அல்ஸ்டர் நாட்டாரை நோக்கி, கையில் ஈட்டியுடன் நின்ற கோலத்திலேயே அரசியை அதற்குள் அடக்கம் செய்திருக்கிறார்கள் என்பது ஊர் நம்பிக்கை. உண்மையில் அந்த மேடு கி.மு. 3000 அளவில் புதிய கற்கால மக்கள் எழுப்பியது; கதைகள் மேவை வைக்கும் காலமோ இயேசுவின் காலத்தை ஒட்டியது. மூவாயிரம் ஆண்டு இடைவெளி. இதுவரை யாரும் அதை அகழ்ந்து பார்க்கவில்லை. மலையேறுகிறவர்கள் கீழிருந்து ஒரு கல்லை எடுத்துக்கொண்டு போய் மேட்டில் வைக்கும் வழக்கம் முன்பு இருந்தது. இப்போது மேட்டின்மேல் ஏற வேண்டாம், கற்களைத் தொட வேண்டாம் என்று பலகை வைத்துக் கேட்டுக்கொள்கிறார்கள். உச்சியில் அடிக்கும் காற்றில் நிமிர்ந்து நிற்பதே பெரும்பாடு. ஒருபுறம் அட்லாண்டிக் கடல், விரிகுடாவுக்கு அப்பால் மேசை போலத் தட்டையாக பென் பல்பன் மலை. என்னுடன் வேலை பார்க்கும் மேவ் ஒருத்தி, ‘என் பெயரை மலையே சுமக்கிறது’ என்று அங்கே நின்று சொன்னாள். அவள் முகத்தில் வெட்கத்தின் சாயலே இல்லை, பெருமைதான் இருந்தது.

நெல்லிமரம்:

சொற்கிடங்கு ஐயாவுக்கும் மழைநாடு அக்காவுக்கும் நன்றி. ஓகம் கல்வெட்டில் தகர ஒலி இருக்கிறது என்றால் என் கருத்து நிற்காது. அதைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். இப்போது எனக்கு வேறொரு கேள்வி எழுகிறது. தேன்மது என்பது ஆண்கள் கூடிக் குடிக்கும் பொருளாக இருந்திருக்க, அதை ஏன் ஓர் அரசியின் பெயராக்கினார்கள்? இனிமையானவள் என்ற பொருளில் மட்டும்தானா, வேறு ஏதேனும் உள்ளதா?

பழங்கதைப்பெட்டி:

நெல்லிமரத்தின் கேள்விதான் இந்தப் பெயரின் நடுமையம் என்பேன். இனிமை மட்டும் இல்லை. அந்தப் பானம் அரசுரிமையின் பானம்.

பழைய அயர்லாந்தில் ஒருவன் அரசனாவது என்பது நாட்டை மணந்துகொள்வது. நிலமே பெண்ணாக, தேவியாக வந்து அவனைத் தேர்ந்தெடுக்கிறாள். அவள் கையால் ஊற்றித் தரும் பானத்தை அவன் பருகும்போது அரசுரிமை அவனிடம் வருகிறது. பழைய ஐரிஷில் ஆட்சியைக் குறிக்கும் ‘ஃப்லைத்’ என்ற சொல்லும் பானத்தைக் குறிக்கும் ‘லைத்’ என்ற சொல்லும் ஒலியால் நெருங்கியவை. கவிஞர்கள் அந்த நெருக்கத்தை விடாமல் பயன்படுத்திக்கொண்டார்கள். நூறு போர் கண்ட கோன் என்ற மன்னன் ஒரு மூடுபனியில் வழிதவறிப் போய் ஒரு மாளிகையைச் சேர்ந்ததாகவும், அங்கே பொன்முடி தரித்த ஒரு பெண், இந்தச் சிவந்த பானத்தை யாருக்கு ஊற்றுவது என்று கேட்கக் கேட்க, அவனுக்குப் பின் ஆளப்போகிற அரசர்களின் பெயர்கள் ஒவ்வொன்றாகச் சொல்லப்பட்டதாகவும் ஒரு கதை உண்டு. அந்தப் பெண்தான் அயர்லாந்தின் அரசுரிமை.

மேவ் என்ற பெயரில் இரண்டு பேர் கதைகளில் வருகிறார்கள். ஒருத்தி மழைநாடு சொன்ன கானக்ட் அரசி. மற்றொருத்தி லெயின்ஸ்டர் நாட்டைச் சேர்ந்த ‘செம்பக்க மேவ்’. தாரா என்ற மேட்டிலிருந்து ஆண்ட மன்னர் பலருக்கு ஒருவர்பின் ஒருவராக அவளே மனைவி. அவளை மணக்காதவன் தாராவில் அரசனாக முடியாது. ஒரு மானுடப் பெண் இத்தனை தலைமுறைக்கு எப்படி மனைவியாக இருக்க முடியும்? அவள் பெண் உருவில் வந்த அரசுரிமை என்று கொண்டால்தான் கதை நிற்கிறது. ‘மயக்குபவள்’ என்ற பெயரை அந்த இடத்தில் வைத்துப் படியுங்கள். அவள் கோப்பையை நீட்டுகிறாள், குடிக்கத் தகுதி உள்ளவன் அரசனாகிறான். தகுதியை முடிவு செய்கிறவள் அவள்தான்.

கானக்ட் அரசியின் கதையிலும் இந்தத் தேவியின் சாயல் படிந்திருக்கிறது. ‘கூலியின் மாடுபிடி’ (கூலி என்பது ஓர் இடப்பெயர்) என்று சொல்லத்தக்க பெருங்கதையின் தொடக்கத்தில், 12-ஆம் நூற்றாண்டின் லெயின்ஸ்டர் நூல் என்ற கையெழுத்துச் சுவடியில் உள்ள வடிவத்தில், மேவும் கணவன் அய்லிலும் படுக்கையில் பேசிக்கொள்கிறார்கள். என்னை மணந்ததால் உனக்கு வாழ்வு வந்தது என்கிறான் அவன். நீ வருவதற்கு முன்பே நான் நன்றாகத்தான் இருந்தேன் என்று தொடங்குகிறாள் அவள். மணக்க வருகிறவன் கஞ்சனாக இருக்கக் கூடாது, பொறாமைக்காரனாக இருக்கக் கூடாது, கோழையாக இருக்கக் கூடாது என்று தான் நிபந்தனை வைத்ததையும், அதற்கான காரணங்களையும் ஒவ்வொன்றாகச் சொல்கிறாள். நான் கொடையாளி, கஞ்சனோடு வாழ்ந்தால் இருவரையும் ஊர் ஏசும். நான் போருக்கு அஞ்சாதவள், கோழையோடு வாழ்ந்தால் அதுவும் இழிவு. ஒருவன் நிழலில் மற்றொருவன் இல்லாமல் நான் இருந்ததே இல்லை, பொறாமைக்காரன் எனக்கு எப்படிச் சரிப்படுவான்? முடிவில், நீதான் மனைவியின் சொத்தில் வாழ்கிறவன் என்று அவனிடம் சொல்லிவிடுகிறாள்.

இது வெறும் வாய்ச்சண்டை இல்லை. கி.பி. 700 அளவில் எழுதப்பட்ட ஐரிஷ் மணவுறவுச் சட்ட நூலில், இருவரும் சமமாகச் சொத்துக் கொண்டுவரும் மணம், ஆணின் சொத்தில் நடக்கும் மணம், பெண்ணின் சொத்தில் நடக்கும் மணம் என்று வகை பிரித்திருக்கிறார்கள். வகையைப் பொறுத்து யாருக்கு உரிமை என்பதும் மாறும். ஆகவே இருவரும் தங்கள் உடைமைகளைக் கொண்டுவரச் செய்து எண்ணிப் பார்க்கிறார்கள். வாளி, அண்டா, மோதிரம், துணி, ஆடு, குதிரை, பன்றி, மாடு எல்லாம் சரிக்குச் சரி. அய்லிலின் மந்தையில் வெண்கொம்பன் என்ற ஒரு காளை மட்டும் கூடுதல். அது மேவின் பசு ஈன்ற கன்றுதான். ஒரு பெண்ணின் மந்தையில் இருப்பது இழிவு என்று எண்ணி அரசனின் மந்தைக்குப் போய்விட்டதாம். அதற்கு ஈடான காளை அல்ஸ்டரின் கூலி என்ற இடத்தில் இருக்கிறது என்று கேள்விப்பட்டு, ஓராண்டுக்கு இரவல் கேட்டு மேவ் தூது அனுப்புகிறாள். ஐம்பது கிடாரிகள், நிலம், தேர் என்று அவள் தரச் சொன்ன விலையைக் கேட்ட காளைக்காரன் மகிழ்ச்சியில் துள்ளிய துள்ளலில் அவன் அமர்ந்திருந்த மெத்தைகளின் தையல் பிரிந்துவிட்டதாம். ஆனால் அன்றிரவு விருந்தில் தூதர்கள் குடித்துவிட்டு, அவன் தராவிட்டாலும் பறித்துக்கொண்டுதான் போயிருப்போம் என்று உளற, அது அவன் காதுக்குப் போய் எல்லாம் கெட்டது. அதன் பிறகு வந்ததுதான் போர். மதுவின் பெயர் கொண்ட அரசி தெளிவோடு பேசி முடித்த பேரத்தைக் குடித்த ஆண்கள் கெடுத்தார்கள் என்பதை வைகைக்கரை தம் அம்மாவிடம் சொல்லலாம்.

வைகைக்கரை:

உங்கள் எல்லோருக்கும் எப்படி நன்றி சொல்வதென்று தெரியவில்லை. சொற்கிடங்கு ஐயா கேட்ட கேள்விக்குப் பதில்: இருக்கிறாள். குடியால் நாங்கள் பறிகொடுத்த அண்ணனின் மகள் பெயர் மதுமிதா. அம்மாவே தேர்ந்தெடுத்து வைத்த பெயர். இத்தனை நாள் எங்களில் ஒருவருக்கும் அது தோன்றவில்லை. நேற்று இரவு அம்மாவிடம் மெதுவாக இதைச் சொன்னேன். நெடுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, ‘அவளுக்குத் தேன் என்று நினைத்துத்தானே வைத்தேன்’ என்று மட்டும் சொன்னார்.

ஆனால் அம்மா இன்னொன்றும் கேட்கிறார். அந்த அரசி நல்லவளா? போர் தொடுத்தாள், ஒரு காளைக்காகப் பல உயிர் போகக் காரணமானாள் என்றால், அந்தப் பெயரை ஏன் விரும்பி வைக்கிறார்கள்?

பழங்கதைப்பெட்டி:

அம்மாவின் கேள்வி நேர்மையான கேள்வி. மேவை ஒரு சாதுவாக நான் காட்டப் போவதில்லை. தன் மகள் ஃபின்னவரைத் தருவதாக ஒவ்வொரு வீரனிடமும் ஆசை காட்டிக் களத்துக்கு அனுப்பினாள். தன் சொந்தத் தங்கையைக் கொன்றாள் என்றும், அந்தத் தங்கையின் மகன் பழிவாங்கக் காத்திருந்து, ரீ ஏரித் தீவில் அவள் குளித்துக்கொண்டிருந்தபோது கையில் இருந்த பாலாடைக்கட்டியையே கவணில் வைத்து எறிந்து கொன்றான் என்றும் கதை உண்டு.

ஆனால் இக்கதைகளை எழுதிவைத்தவர்கள் யார் என்பதையும் பார்க்க வேண்டும். இவை துறவி மடங்களில் படி எடுக்கப்பட்டவை. லெயின்ஸ்டர் நூலில் கதையைப் படியெடுத்து முடித்தவர், இதை மாற்றாமல் மனப்பாடம் செய்கிறவருக்கு ஆசி கூறும் ஒரு குறிப்பை ஐரிஷில் எழுதுகிறார். உடனே லத்தீனுக்கு மாறி, இந்தக் கட்டுக்கதையில் வரும் பலவற்றை நான் நம்பவில்லை, சில பேய்களின் ஏமாற்று, சில கவிஞர்களின் கற்பனை, சில மூடரை மகிழ்விக்க எழுதியவை என்று மற்றொரு குறிப்பைச் சேர்க்கிறார். ஒரே கை, இரண்டு மொழி, இரண்டு மனம். தோற்ற படையைப் பார்த்து, பெண் குதிரை முன்னே போனால் மந்தை வழிதவறும் என்று ஃபெர்கஸ் என்ற வீரன் பேசுவதும் அதே நூலில்தான். பழைய அரசுரிமைத் தேவியை ஓர் அடங்காத மனைவியாகக் குறுக்கிக் காட்டும் நோக்கு அங்கே வேலை செய்திருக்கிறது என்று நான் உறுதியாக நினைக்கிறேன். எத்தனை குறுக்கினாலும் அவள்தான் கதையை நடத்துகிறாள். அய்லிலை யாரும் நினைவில் வைத்திருப்பதில்லை.

பெயர்கள் பற்றிய இழை என்பதால் இரண்டு செய்திகளைச் சேர்க்கிறேன். மேவுக்கு ஏழு ஆண் மக்கள். அல்ஸ்டர் மன்னன் கொன்ஹோவரை எந்த மகன் கொல்வான் என்று அவள் ஒரு குறிசொல்லியிடம் கேட்க, ‘மானே’ என்று பதில் வந்தது. அந்தப் பெயரில் மகன் இல்லாததால் ஏழு பேருக்கும் மானே என்றே பெயரை மாற்றிவிட்டாள். குறி பலித்தது, ஆனால் அந்த மானே கொன்றது அதே பெயருடைய வேறொரு கொன்ஹோவரை. மகளின் பெயரான ஃபின்னவர் அதைவிடச் சுவையானது. வெண்மையான ஆவியுரு என்ற பொருள் கொண்ட அப்பெயருக்கு உடன்பிறந்த வெல்ஷ் பெயர்தான் ஆர்தர் மன்னன் கதையில் வரும் கினிவியர்; இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதி மொழியான கார்னிஷில் அதன் வடிவம் ஜெனிஃபர். தூத்துக்குடியிலும் நாகர்கோவிலிலும் தெருவுக்கு ஒரு ஜெனிஃபர் இருக்கிறாளே, அவளும் மேவின் மகளும் பெயர்வழியில் உறவினர்.

சொற்கிடங்கு:

பழங்கதைப்பெட்டி சொன்னதையொட்டி ஒன்று. மேவையும் நம் மாதவியையும் பக்கத்தில் வைத்துப் பார்த்த அறிஞர் ஒருவர் உண்டு. அவர் பிரெஞ்சு நாட்டின் ஜார்ஜ் துமெசில். 1971-இல் வெளியான நூலில் இதை விரிவாக எழுதியிருக்கிறார். மாதவி என்றதும் சிலப்பதிகாரத்துக்குப் போய்விட வேண்டாம். இவள் மகாபாரதத்தின் உத்தியோக பருவத்தில் வருகிற யயாதியின் மகள். குருவுக்குக் காணிக்கையாக, ஒரு காது மட்டும் கறுத்த 800 வெண்குதிரைகள் வேண்டும் என்று அலையும் காலவர் என்ற முனிவரிடம் யயாதி தன் மகளையே ஒப்படைக்கிறான். அயோத்தி, காசி, போஜ நாடு என்று மூன்று அரசர்களிடம் அவள் ஒருவர்பின் ஒருவராக இருந்து ஆளுக்கு ஒரு மகனைப் பெற்றுத் தருகிறாள். ஒவ்வொருவரும் 200 குதிரைகள் தருகிறார்கள். நான்காவதாகக் குருவான விசுவாமித்திரரே அவளை ஏற்றுக்கொள்கிறார். பல அரசர்களைக் கடந்து செல்லும் பெண், பெயரிலும் மது என்பதால் துமெசில் இரண்டையும் இணைத்தார்.

பெயர்களின் வேர் ஒன்று என்பது உறுதி. கதைகளின் வேரும் ஒன்று என்பதை நான் அவ்வளவு எளிதில் ஒப்புக்கொள்ள மாட்டேன். மாதவியை மற்றவர்கள் கைமாற்றுகிறார்கள். மேவ் தானே தேர்ந்தெடுக்கிறாள். என் வரையில் இந்த வேறுபாடு ஒற்றுமையைவிடப் பெரியது.

மழைநாடு:

அம்மா கேட்டாரே, ஏன் விரும்பி வைக்கிறார்கள் என்று, அதற்கு இங்கே வாழ்கிறவளாக நான் பதில் சொல்கிறேன். ஆங்கிலேயர் ஆட்சிக் காலத்தில் ஐரிஷ் பெயரை அப்படியே எழுத இடமில்லாமல், மேவ் என்ற பெயருக்கு ஈடாக மாட், மேட்ஜ், மார்ஜரி என்று தொடர்பே இல்லாத ஆங்கிலப் பெயர்களை எழுதிவைத்தார்கள். 1893-இல் ஐரிஷ் மொழிக் கழகம் தொடங்கி, மொழியோடு பழைய பெயர்களும் மீண்டும் தலையெடுத்தபோது மேவும் எழுந்து வந்தது. நாட்டு விடுதலைக்காக 1916-இல் ஆயுதம் ஏந்தியவரும், 1918-இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பெண்மணியுமான கான்ஸ்டன்ஸ் மார்கியவிச் எங்கள் ஸ்லைகோவைச் சேர்ந்தவர். 1901-இல் லிசடெல் மாளிகையில் பிறந்த தம் ஒரே மகளுக்கு மேவ் என்று பெயர் வைத்தார். நாக்நரே மலையும் மேடும் அந்த வீட்டிலிருந்து நீருக்கு அப்பால் தெரியும்.

1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் அயர்லாந்துக்காகத் தடகளத்தில் ஓடிய முதல் பெண் மேவ் கைல். 1977-இலிருந்து வெளியான ஒரு பவுண்டு நோட்டில் மேவ் அரசியின் முகத்தையே அச்சிட்டார்கள். யூரோ வந்த பிறகும் பழைய நோட்டு ஒன்றைக் கண்ணாடிச் சட்டத்தில் வைத்திருக்கும் வீடுகளைப் பார்த்திருக்கிறேன். இங்கே ஒரு பெண்ணுக்கு மேவ் என்று பெயர் வைக்கும்போது அவர்கள் மனத்தில் இருப்பது போதையும் அல்ல, போரும் அல்ல. தன் பங்கைக் கேட்டு வாங்கத் தெரிந்தவள் என்பதுதான்.

நெல்லிமரம்:

அக்கா, குழந்தையின் பெயரைத் தமிழில் எப்படி எழுதப் போகிறீர்கள்? மெய்வ், மேவ், மீவ் என்று பலவாறாக எழுதுகிறார்களே?

சொற்கிடங்கு:

மேவ் என்பதே சரி. ஐரிஷ் ஒலிப்புக்கு நம் ஏகாரம் மிக நெருக்கமானது. ‘மெய்வ்’ ஆங்கிலேயரின் இழுப்பு. இறுதியில் உகரம் சேர்த்து ‘மேவு’ என்று எழுதிவிட வேண்டாம். எழுதினால் நெல்லிமரம் தம்பி மறுபடியும் தொல்காப்பியத்தை எடுத்துக்கொண்டு வந்துவிடுவார்.

வைகைக்கரை:

மேவ் என்றே எழுதுகிறோம் ஐயா. இன்று காலை அம்மாவும் நானும் பாத்திரக்கடைக்குப் போயிருந்தோம். எங்கள் எல்லோருக்கும் மருந்து புகட்டிய வெள்ளிப் பாலாடை ஒன்று வீட்டில் இருக்கிறது. அதன் அடியில் அண்ணன் பெயர், என் பெயர், தம்பி பெயர், மதுமிதாவின் பெயர் என்று வரிசையாக வெட்டியிருக்கும். அடுத்த மாதம் தம்பி வரும்போது கொடுத்தனுப்ப வேண்டும் என்று அம்மாவே அதைத் தேய்த்துத் துடைத்து எடுத்து வந்திருந்தார். பெயர் வெட்டுகிறவர், என்ன பெயரம்மா, இரண்டே எழுத்துதானா என்று கேட்டார். இரண்டுதான், வகரத்துக்கு மேல் புள்ளி வைக்க மறந்துவிடாதே என்று அம்மா சொல்லிவிட்டு, அவர் வெட்டி முடிக்கும் வரை பக்கத்திலேயே நின்றார்.